மிக்லோஷ் ரோஷா சினிமாவால் வீணாய்ப் போனாரா?

"பென் ஹர் படத்துக்கு இசையமைத்த ஹங்கேரிக்காரர் மிக்லோஷ் ரோஷா பெரிய சிம்பொனி மேதையாக வந்திருக்க வேண்டியவர், பணத்துக்காக ஹாலிவுட்டுக்குப் போய் வீணாகிவிட்டார் என்று நண்பர் சொல்கிறார், உண்மையா?" என்று கேட்டிருக்கிறீர்கள். இதில் இரண்டு கேள்விகள் இருக்கின்றன. சினிமாவுக்குப் போனதும் அவர் கச்சேரி இசை எழுதுவதை நிறுத்திவிட்டாரா என்பது ஒன்று. இல்லவே இல்லை. அதை ஆண்டு வாரியாகக் காட்டலாம். சினிமா அவருடைய இசையையும் பெயரையும் கெடுத்ததா என்பது இரண்டாவது. அதில் பாதி தகவல், மீதி நம் காது சொல்வது. நான் மேற்கத்திய வயலின் வாசிக்கிறவன், ரீ-ரெக்கார்டிங்கில் பல வருஷம் உட்கார்ந்தவன், இப்போது சொல்லிக்கொடுக்கிறேன். ஹங்கேரிய மொழி எனக்குத் தெரியாது. அதனால் அவருடைய சொந்த நாட்டில் அவருக்கு என்ன இடம் என்பது பற்றி நான் தீர்ப்புச் சொல்லப் போவதில்லை. அவருடைய நோட்ஸைப் பார்த்தும் வாசித்தும் தெரிந்துகொண்டதை வைத்தே பேசுகிறேன்.

1907 ஏப்ரல் 18 அன்று புடாபெஸ்டில் பிறந்தார். அம்மா பியானோ கற்றவர். மாமா அங்குள்ள ஓபரா ஆர்கெஸ்ட்ராவில் வயலின் வாசித்தவர். ஐந்து வயதில் வயலின் கைக்கு வந்தது. அப்பா தொழிலதிபர். நகரத்துக்கு வடக்கே, மாத்ரா மலைப் பக்கம் அவருக்கு நிலபுலன் இருந்தது. கோடையில் குடும்பம் அங்கே போகும். அந்தப் பகுதியில் வாழும் பலோட்ஸ் மக்கள் வயலில் பாடியதையும் திருவிழாவில் பாடியதையும் பையன் ஒரு நோட்டில் குறித்துக்கொண்டான். ஹங்கேரியின் பெரிய இசையமைப்பாளர்களான பார்டோக்கும் கொடாயும் ஒலிப்பதிவுக் கருவியோடு ஊர் ஊராகப் போய் முறையாகச் சேகரித்தது போன்ற வேலை இல்லை இது. மெட்டு பிடித்தது, எழுதிக்கொண்டான், அவ்வளவுதான். ஆனால் பிற்பாடு அவர் எழுதிய எதை எடுத்தாலும் இந்த நோட்டுதான் கேட்கிறது என்பது என் வாதம். பதிலின் மையமும் அதுவே.

அந்த நாட்டுப்பாடல்களில் ஐந்து சுர மெட்டுகள் நிறைய. நம் காதுக்குச் சுத்த தன்யாசியின் சுரங்கள் என்று சொன்னால் உடனே பிடிபடும். இன்னொன்று தாளம். ஹங்கேரியப் பேச்சில் அழுத்தம் எப்போதும் சொல்லின் முதல் அசையில் விழும். அதனால் பாட்டிலும் 'தக்'கென்று ஒரு குட்டைச் சுரம் அழுத்தமாக விழுந்து, அடுத்தது நீளும். இந்த இரண்டையும் மனதில் வைத்துக்கொண்டு ரோஷாவின் எந்தப் படத்தையும் கேளுங்கள். ரோமாபுரியாக இருக்கட்டும், நியூயார்க் சந்தாக இருக்கட்டும், இவை தலைகாட்டாமல் இருக்காது.

புடாபெஸ்டில் படித்தால் கொடாயின் நிழலிலேயே நின்றுவிடுவோம் என்று அவருக்குப் பயம். ஜெர்மனியில் லைப்சிக் போனார். அப்பாவுக்காக முதலில் வேதியியலில் சேர்ந்தார், பிறகு கன்சர்வேட்டரிக்கு, அதாவது இசைக் கல்லூரிக்கு மாறினார். அங்கே ஹெர்மன் கிராப்னரிடம் கவுன்டர்பாயிண்ட் (பல மெட்டுகளை ஒரே நேரத்தில் இணைத்து எழுதும் முறை) பயிற்சி. பாக் வேலை பார்த்த தாமஸ் தேவாலயத்தின் கோரல் (கூட்டுப்பாடல்) மரபு பக்கத்திலேயே. மாணவராக இருக்கும்போதே பிரைட்கோப் உன்ட் ஹெர்ட்டல் அவருடைய படைப்புகளை அச்சிட ஆரம்பித்தது. இசை உலகில் அதைவிடப் பழைய, மதிப்புள்ள பதிப்பகம் கிடையாது. 1930களின் தொடக்கத்தில் பாரிஸுக்குக் குடிபெயர்ந்தார். 1933இல் எழுதிய 'தீம், வேரியேஷன்ஸ் அண்ட் ஃபினாலே' ஐரோப்பாவின் பல மேடைகளுக்குப் போனது. பெயர் வந்தது, வருமானம் வரவில்லை. நிக் தோமே என்ற புனைபெயரில் லேசான இசை எழுதிச் சாப்பிட்டார்.

சினிமாவுக்கு எப்படி வந்தார் என்பதை அவரே தன் வாழ்க்கை வரலாற்றில் சொல்கிறார். பாரிஸில் ஆர்தர் ஹொனெகர் என்ற இசையமைப்பாளருடைய படைப்புகளும் இவருடையவையும் சேர்ந்து ஒரு கச்சேரி நடந்தது. முடிந்ததும், எதை வைத்துப் பிழைக்கிறீர்கள் என்று ஹொனெகரிடம் கேட்டாராம். சினிமாவுக்கு இசை எழுதுகிறேன் என்று பதில் வந்ததும் ரோஷாவால் நம்ப முடியவில்லை. சினிமா இசை என்றால் நடனக்கூட இசை என்றுதான் அதுவரை நினைத்திருந்தார். ஹொனெகர் இசையமைத்த 1934ஆம் ஆண்டு 'லே மிசராப்ல்' படத்தைப் போய்ப் பார்த்ததும் எண்ணம் மாறியது. இந்த மாதிரி நிகழ்ச்சிகள் பெரும்பாலும் அவர் சொல்லித்தான் நமக்குத் தெரிகின்றன. கதை சொல்வதில் வல்லவர் என்பதால் பேச்சுகளைச் சொல்லுக்குச் சொல் எடுத்துக்கொள்ள வேண்டாம். ஆண்டுகளும் படங்களும் மட்டும் சந்தேகமற்றவை.

அடுத்து லண்டன். அங்கே அலெக்சாண்டர் கோர்டா என்ற இன்னொரு ஹங்கேரிக்காரர் பெரிய தயாரிப்பாளராக இருந்தார். 1937இல் மார்லின் டீட்ரிக் நடித்த 'நைட் வித்தவுட் ஆர்மர்' ரோஷாவின் முதல் படம். 1939இல் 'தி ஃபோர் ஃபெதர்ஸ்'. அடுத்து 'தி தீஃப் ஆஃப் பாக்தாத்'. மைசூர்ப் பகுதியிலிருந்து யானைப்பாகன் வீட்டுப் பிள்ளையாகப் போய் உலகப் புகழ் பெற்ற சாபு நடித்த படம். அதற்கு முதலில் வியன்னா ஆப்பரெட்டா புகழ் ஆஸ்கர் ஸ்ட்ராஸை அமர்த்தியிருந்தார்கள். இயக்குநர் லுட்விக் பெர்கருக்கு அவரைத்தான் பிடித்தது. கோர்டா ரோஷாவை பெர்கரின் அறைக்கு அடுத்த அறையில் உட்காரவைத்து, உன் மெட்டுகளைப் பியானோவில் வாசித்துக்கொண்டே இரு என்றாராம். சுவர் தாண்டிக் கேட்டுக் கேட்டு பெர்கரே மனம் மாறினார். போர் மூண்டதால் 1940இல் படவேலை ஹாலிவுட்டுக்கு நகர்ந்தது. ரோஷாவும் கூடவே போனார். உங்கள் நண்பர் சொல்வதுபோல் பணத்தைத் தேடிக் கப்பலேறியவர் இல்லை. அரைகுறையாக நின்ற படத்தை முடிக்கப் போனார், ஐரோப்பா எரிந்துகொண்டிருந்ததால் அங்கேயே தங்கினார்.

இனி என்னை எப்போதும் நெகிழவைக்கும் ஒரு தேதி. 1943 நவம்பர் 14. நியூயார்க் கார்னகி ஹாலில், ஆர்கெஸ்ட்ராவை நடத்த வேண்டிய புரூனோ வால்டருக்கு உடம்பு சரியில்லாமல் போக, 25 வயது லெனர்ட் பெர்ன்ஸ்டைன் ஒத்திகை இல்லாமல் நியூயார்க் பில்ஹார்மோனிக்கை நடத்தி ஒரே நாளில் புகழ்பெற்றார் என்று எல்லோரும் படித்திருப்போம். அன்றைய நிகழ்ச்சியில் ஷூமான், ரிச்சர்ட் ஸ்ட்ராஸ், வாக்னர் ஆகியோரோடு இருந்த நாலாவது பெயர் ரோஷா. அதே 'தீம், வேரியேஷன்ஸ் அண்ட் ஃபினாலே'. நாடு முழுக்க வானொலியில் ஒலித்தது.

அதற்கு அடுத்த ஆண்டு பில்லி வைல்டரின் 'டபுள் இண்டெம்னிட்டி' வந்தது. காப்பீட்டுப் பணத்துக்காகக் கணவனைக் கொல்லும் கதை. கதாநாயகன் ஊன்றுகோல்களோடு திரையை நோக்கி நடந்து வரும் டைட்டில் காட்சியில், இறுதி ஊர்வலம் போல ஒரு கனத்த அணிவகுப்பு இசை. உரசும் சுரங்கள், இனிப்பு கிடையாது. பாராமவுண்ட் ஸ்டுடியோவின் இசைப் பொறுப்பாளர் லூயிஸ் லிப்ஸ்டோனுக்கு இது பிடிக்கவில்லை. இது கார்னகி ஹாலுக்குப் போக வேண்டியது, படத்துக்கு ஆகாது என்று கண்டித்ததாக ரோஷா எழுதியிருக்கிறார். தயாரிப்புத் தலைவர் பாராட்டியதால் இசை பிழைத்தது. குற்றப்படங்களின் இருண்ட இசை எப்படி இருக்க வேண்டும் என்பதற்கு அதுவே ஒரு முன்மாதிரியாகிவிட்டது.

1945இல் மூன்று படங்களுக்காக ஒரே நேரத்தில் ஆஸ்கர் பரிந்துரை பெற்றார். ஹிட்ச்காக்கின் 'ஸ்பெல்பவுண்ட்' பரிசை வென்றது. அதில் தெரமின் என்ற மின்னணுக் கருவியை ஆர்கெஸ்ட்ராவோடு சேர்த்தார். தொடாமலே வாசிக்கும் கருவி அது. இரண்டு ஆன்டெனாக்களுக்கு அருகில் கைகளை அசைத்தால் ஒன்று சுரத்தையும் மற்றது சத்தத்தின் அளவையும் மாற்றும். வாசித்தவர் சாமுவேல் ஹாஃப்மன், தொழிலால் கால் வைத்தியர். அதே ஆண்டு வைல்டரின் 'தி லாஸ்ட் வீக்கெண்ட்' படத்தில் குடிப்பழக்கத்தின் பிடியைக் காட்டவும் தெரமின் வந்தது. அந்தப் படத்தைத் தற்காலிகமாக ஒட்டிய ஜாஸ் பாணி இசையோடு முன்னோட்டம் போட்டபோது ஜனங்கள் சிரித்துவிட்டார்கள். ரோஷாவின் இசை ஏறியதும் அதே காட்சிகளுக்குச் சிரிப்பு நின்றது. பின்னணி இசை என்ன செய்யும் என்று மாணவர்கள் கேட்டால் நான் முதலில் சொல்வது இதைத்தான். 1946இன் 'தி கில்லர்ஸ்' படத்தில் அவர் எழுதிய நாலு சுரக் குறிப்பு, 'டிராக்நெட்' போலீஸ் தொடரின் அடையாள இசையாக ஒலித்து, வழக்குவரை போய், தொடரின் இசையமைப்பாளர், ரோஷா இருவர் பெயரையும் போடுவது என்று முடிந்தது. 1947இன் 'எ டபுள் லைஃப்' இரண்டாவது ஆஸ்கரைக் கொடுத்தது.

உங்கள் கேள்விக்கு நேரான விடை, அடுத்து வரும் எம்.ஜி.எம். ஒப்பந்தத்தில் இருக்கிறது. 1940களின் கடைசியிலிருந்து 1962 வரை அந்த ஸ்டுடியோவில் இருந்தார். ஒப்பந்தத்தில் அவர் கேட்டு வாங்கியது, கோடையில் தன் சொந்த இசையை எழுத விடுமுறை, பல்கலைக்கழகத்தில் சொல்லிக்கொடுக்கும் உரிமை. தெற்கு கலிபோர்னியா பல்கலைக்கழகத்தில் 1945 முதல் 1965 வரை சினிமா இசை நடத்தினார். பிற்பாடு பெரிய பட இசையமைப்பாளரான ஜெர்ரி கோல்ட்ஸ்மித் அங்கே அவரிடம் பாடம் கேட்டவர். கோடையில் இத்தாலியின் ரப்பாலோ கடற்கரை. படக்காரர்கள் யாரும் எட்டாத தூரம். அங்கே கச்சேரிக்கான இசை மட்டும். சம்பளம் வாங்கும் இடத்தில் நேரத்தைச் சம்பளத்தைவிட உயர்வாகக் கேட்டு வாங்கிய மனிதரை வீணாய்ப் போனவர் என்று என்னால் சொல்ல முடியாது. ஸ்டுடியோவில் நாள்கூலிக்கு வாசித்த எனக்கு அதன் அருமை தெரியும்.

எம்.ஜி.எம்.மில் சரித்திரப் படங்கள் அவர் தலையில் விழுந்தன. 1951இல் 'குவோ வாடிஸ்'. நீரோ காலத்து ரோமாபுரி. அதற்கு முன் இப்படிப்பட்ட படங்களில் என்ன காலமானாலும் பத்தொன்பதாம் நூற்றாண்டு ரொமான்டிக் இசைதான் வாசிப்பார்கள். ரோஷா நூலகத்துக்குப் போனார். இங்கே எது உறுதி, எது இல்லை என்று பிரித்துச் சொல்ல வேண்டும். பண்டைய ரோமானிய இசை சுரக்குறிப்போடு எதுவும் மிஞ்சவில்லை, இது உறுதி. கிரேக்க இசையில் கொஞ்சம் மிஞ்சியிருக்கிறது. இன்றைய துருக்கியில் கிடைத்த செய்கிலோஸ் கல்லறைக் கல்வெட்டில் ஒரு முழுப்பாட்டு குறியீடுகளோடு செதுக்கியிருக்கிறது, கி.பி. முதல் அல்லது இரண்டாம் நூற்றாண்டு. அந்த மெட்டை எடுத்து நீரோ யாழ் மீட்டிப் பாடும் பாட்டாக்கினார். கிறிஸ்தவர்களின் பாட்டுக்குக் கிரிகோரியன் என்ற பழைய தேவாலய மெட்டுகளையும், யூத வழிபாட்டு மெட்டுகளையும் தேடினார். யாழ் ஓசைக்கு ஸ்காட்லாந்தின் சிறு ஹார்ப்பைப் பயன்படுத்தினார். ஆனால் பண்டைய இசை ஒற்றை மெட்டு, அதற்கு ஹார்மனி, அதாவது பல சுரங்களை ஒரே நேரத்தில் அடுக்குவது, கிடையாது. நூறு பேர் ஆர்கெஸ்ட்ராவுக்கு ஹார்மனி இல்லாமல் எழுத முடியாது. அவர் நாலாம், ஐந்தாம் சுர இடைவெளிகளை இணையாக நகர்த்தி ஒரு முரட்டு ஓசையை உண்டாக்கினார். அது சரித்திரம் இல்லை, அவருடைய கற்பனை. இன்று 'ரோமானிய இசை' என்றதும் நம் காதில் விழுவது அந்தக் கற்பனைதான். ரோமாபுரியில் யாரும் அப்படி ஊதியதாக ஆதாரம் இல்லை. ஸ்பெயினின் இடைக்கால வீரன் சித்தைப் பற்றிய 1961இன் 'எல் சித்' படத்துக்கும் ஸ்பெயின் போய் 'கான்டிகாஸ் தெ சாந்தா மரியா' என்ற பதின்மூன்றாம் நூற்றாண்டுப் பாடல் தொகுப்பைப் படித்தார். அங்கே ஆதாரம் கொஞ்சம் பலமானது, ஏனென்றால் அந்தத் தொகுப்பு ஏட்டில் அப்படியே இருக்கிறது. ஆனாலும் சித் வாழ்ந்தது அதற்கு இருநூறு ஆண்டு முன்னால்.

இப்போது 1959இன் 'பென் ஹர்'. 212 நிமிஷப் படம், அதில் பெரும்பகுதிக்கு இசை. மூன்றாவது ஆஸ்கர் இதற்குத்தான். நீங்கள் மறுபடி பார்த்தால் போர்க்கப்பலில் அடிமைகள் துடுப்பு போடும் காட்சியை மட்டும் தனியாகப் பாருங்கள். மேலே உட்கார்ந்தவன் மரச்சுத்தியால் தட்டித் தாளம் போடுகிறான். ரோமானியத் தளபதி 'போர் வேகம்', 'தாக்குதல் வேகம்', 'மோதும் வேகம்' என்று ஒவ்வொன்றாக ஏற்றச் சொல்கிறான். ஆர்கெஸ்ட்ரா அந்தச் சுத்தியல் அடியையே தன் தாளமாக எடுத்துக்கொள்கிறது. மெதுவான கனத்த தள்ளலில் தொடங்குகிறது. வேகம் கூடக்கூட அதே மெட்டு சுருங்கி, பிராஸ் ஏறி, மூச்சுவிட இடம் இல்லாமல் போகிறது. காலம் மாறுகிறது, மெட்டு மாறுவதில்லை. வாசிக்கிறவர்களுக்கு இது பெரிய சோதனை, ஏனென்றால் படத்தில் விழும் அடியோடு ஒரு நூலிழை பிசகக்கூடாது. பிறகு தேர்ப்பந்தயம். பந்தயத்துக்கு முன்னால் அணிவகுப்பில் எக்காளங்கள் முழங்குகின்றன. தேர்கள் பாய்ந்ததும் இசை அறவே இல்லை. குளம்பும் சக்கரமும் கூட்டமும்தான். எங்கே வாசிக்கக்கூடாது என்று தெரிந்த படம் இது. கிறிஸ்துவின் முகத்தைப் படம் காட்டுவதே இல்லை. நாசரேத்தில் அவர் தண்ணீர் தரும் இடத்தில் ஆர்கனும் ஸ்ட்ரிங்ஸின் உச்சி ஹார்மனிக்ஸும்தான் அவர் முகமாக நிற்கின்றன. பிறப்புக் காட்சிக்கு 'அடெஸ்டே ஃபிடெலிஸ்' என்ற பிரபலமான கிறிஸ்துமஸ் பாட்டைப் போடச் சொன்னார் இயக்குநர் வில்லியம் வைலர். பதினெட்டாம் நூற்றாண்டில் புழக்கத்துக்கு வந்த பாட்டு அது. முதல் நூற்றாண்டுக் கதைக்குள் அதைக் கொண்டுவர ரோஷா மறுத்து, சொந்த மெட்டு எழுதினார்.

அதே ஆண்டுகளில் கோடையில் என்ன நடந்தது? 1953இல் ரப்பாலோவில், வயலின் மேதை யாஷா ஹைஃபெட்ஸுக்காக வயலின் கான்செர்ட்டோ (தனி வயலினும் ஆர்கெஸ்ட்ராவும் சேர்ந்து வாசிக்கும் படைப்பு), ஓபஸ் 24, அதாவது அவருடைய படைப்பு வரிசையில் 24ஆவது எண். ஹைஃபெட்ஸ் அதை வாங்கி வைத்து, திருத்தங்கள் கேட்டு, 1956 ஜனவரியில் டாலஸில் அரங்கேற்றினார், பிறகு பதிவும் செய்தார். நான் இதை வாசித்துப் பார்த்திருக்கிறேன். கடைசிப் பகுதி கிராமத்து நடனம். நடுப்பகுதியில் அந்த மாத்ரா மலைப் பாட்டு, யாரும் பாடாத பாட்டாக, அவரே உண்டாக்கியதாக வருகிறது. இங்கே எரிக் கோர்ன்கோல்டை நினைத்துப் பாருங்கள். அவரும் ஹாலிவுட்காரர். அவருடைய வயலின் கான்செர்ட்டோவையும் 1947இல் ஹைஃபெட்ஸ்தான் அரங்கேற்றினார். கோர்ன்கோல்ட் தன் படங்களின் மெட்டுகளை எடுத்துக் கான்செர்ட்டோ செய்தார். ரோஷா விஷயம் தலைகீழ். பில்லி வைல்டர் இந்தக் கான்செர்ட்டோவின் இசைத்தட்டைக் கேட்டுக் கேட்டு மயங்கி, 1970இல் ஷெர்லக் ஹோம்ஸ் பற்றிய தன் படத்துக்கு இதையே பின்னணியாக்கித் தரச் சொன்னார். ஹோம்ஸ் வயலின் வாசிப்பவர் அல்லவா. நடுப்பகுதி காதலுக்குப் போனது, கடைசிப் பகுதியின் கொந்தளிப்பு லாக் நெஸ் ஏரியின் பூதத்துக்குப் போனது. மேடைக்காக எழுதியது ஒட்டுப்போடாமல் படத்துக்குள் உட்கார்ந்துகொண்டது என்றால், இரண்டையும் எழுதிய கை ஒன்றுதான். ரோஷா 1982இல் வந்த தன் வாழ்க்கை வரலாற்றுக்கு 'டபுள் லைஃப்' என்று பெயர் வைத்தார். இரண்டு வாழ்க்கையையும் பிரித்தே வைத்ததாக அதில் சொல்கிறார். நேரத்தைப் பிரித்தார், ஒத்துக்கொள்கிறேன். இசையைப் பிரித்ததாக எனக்குக் கேட்கவில்லை.

அப்படியானால் கச்சேரி உலகம் ஏன் அவரை ஓரமாக வைத்தது? இங்கே நான் சொல்வது என் கணிப்பு மட்டும். சினிமாக்காரர் என்ற ஏளனம் விமர்சகர்களிடம் இருந்தது. ஆனால் முழுப்பழியையும் அதன்மேல் போட மாட்டேன். போருக்குப் பின் மேற்கத்திய இசைக்கூடங்களில் சீரியலிசம், அதாவது சுருதி மையம் இல்லாமல் சுரங்களை ஒரு வரிசையில் கட்டி எழுதும் முறை, கோலோச்சியது. நாட்டுப்பாடல் அடித்தளமும் சுருதி மையமும் வைத்து எழுதிய எல்லோரும் பழைய ஆள்கள் என்று தள்ளப்பட்டார்கள், சினிமாப் பக்கமே போகாதவர்கள்கூட. இன்று கோர்ன்கோல்டின் கான்செர்ட்டோவை உலகம் முழுக்க வாசிக்கிறார்கள். சினிமா வாசனை அதைத் தடுக்கவில்லை. ரோஷாவின் இசையில் உணர்ச்சி வேகம் அதிகம், ஓய்வு குறைவு, உச்சம் அடிக்கடி வருகிறது. கேட்கிறவரைச் சில நேரம் அது களைப்பாக்கும். அந்தக் குறை படத்திலும் உண்டு, மேடையிலும் உண்டு. சினிமா கொடுத்த குறை என்று சொல்வதற்கில்லை, லைப்சிக் காலத்துப் படைப்பிலேயே இருக்கிறது.

1962க்குப் பிறகு ஸ்டுடியோக்கள் நிரந்தர ஆர்கெஸ்ட்ராக்களைக் கைவிட்டன, படத்துக்கு ஒரு விற்கக்கூடிய பாட்டு வேண்டும் என்றார்கள். அவருக்குப் படங்கள் குறைந்தன. ஆனாலும் அலென் ரெனேயின் 'பிராவிடன்ஸ்' இசைக்கு பிரான்சின் சேசர் விருது கிடைத்தது. 1982இல் ஸ்டீவ் மார்ட்டின் நடித்த 'டெட் மென் டோன்ட் வேர் ப்ளேட்' கடைசிப் படம். பழைய குற்றப்படங்களின் துண்டுகளைக் கோத்துச் செய்த நகைச்சுவை அது. அவற்றில் சிலவற்றுக்கு நாற்பதுகளில் இசையமைத்தவரே இவர். அந்த ஆண்டு பக்கவாதம். சினிமா வேலை நின்றது, எழுதுவது நிற்கவில்லை. ஆர்கெஸ்ட்ராவுக்கு எழுத உடம்பு இடம் கொடுக்காததால் தனி ஃபுளூட், தனி வயலின், தனி வயோலா என்று ஒற்றைக் கருவிகளுக்கு எழுதினார். 1984இல் பின்காஸ் சுகர்மன் அவருடைய வயோலா கான்செர்ட்டோவைப் பிட்ஸ்பர்க்கில் அரங்கேற்றினார். 1995 ஜூலை 27 அன்று லாஸ் ஏஞ்சலிஸில் காலமானார். 17 ஆஸ்கர் பரிந்துரைகள், மூன்று பரிசுகள், நூறுக்கு நெருக்கமான படங்கள், ஓபஸ் எண் 45 வரை கச்சேரி இசை.

உங்கள் நண்பரோடு சேர்ந்து கேட்பதானால் இந்த வரிசையில் கேளுங்கள். முதலில் ஹைஃபெட்ஸ் வாசித்த வயலின் கான்செர்ட்டோ, படம் எதையும் நினைக்காமல். அடுத்து 'பென் ஹர்' துடுப்புக் காட்சி. பிறகு 1933இன் 'தீம், வேரியேஷன்ஸ் அண்ட் ஃபினாலே'. அதை எழுதும்போது அவர் ஒரு படத்துக்குக்கூட இசையமைத்திருக்கவில்லை. இருபத்தாறு வருஷ இடைவெளிக்குள் வந்த மூன்றிலும் அந்தக் குட்டைச் சுரம் முதலில் அழுத்தமாக விழுவதை எண்ணிக்கொண்டே வரச் சொல்லுங்கள். 1970களில் லண்டனில் ரோஷாவே நடத்திப் பதிவு செய்த 'பென் ஹர்' இசைத்தட்டு கிடைத்தால் அதையே எடுங்கள், தாள வேகம் அவர் விரும்பியபடி இருக்கும்.